ஆலை வாசல்

சினிமாவின் பிள்ளைப் பருவத்தில் அதில் தோன்றியவர்களில் நாடகக்காரர்கள் அல்லாத, கூலிக்கு உழைத்தவர்களும் உண்டு. பிரான்சில் லியோன் நகரத்து லூமியேர் குடும்பத்தார் போட்டோத் தகடு செய்யும் தொழிற்சாலை வைத்திருந்தார்கள். 1895 மார்ச்சில் அதன் வாசலுக்கு எதிரே படப்பெட்டியை நிறுத்தி, ஆட்கள் வேலை விட்டு வெளியேறுவதைப் பிடித்தார்கள். முக்கால் நிமிஷப் படம். பெண்கள்தாம் அதிகம்; நீண்ட பாவாடைகள், தொப்பிகள், நடுவே ஒரு நாய். 1896 ஜூலை 7-ல் பம்பாய் வாட்ஸன் ஓட்டலில் காட்டிய ஆறு படங்களில் இதுவும் ஒன்று.

வாழ்க்கையை உள்ளபடியே காட்டிய படம் என்றுதான் நானும் நம்பியிருந்தேன். செலியமேட்டில் எதிர்வீட்டுப் பெரியவர் அந்த நம்பிக்கையைக் கெடுத்தார். பாகூர்ப் பக்கத்து வயல்காட்டிலிருந்து சைக்கிள் மிதித்துப் போய்ப் புதுச்சேரி ஆலையொன்றில் முப்பது வருஷம் நூல் பார்த்தவர். கைப்பேசியில் படத்தைப் போட்டுக் காட்டினேன்.

"இன்னா தம்பி, வேல வுட்டு வர்றவங்க மாதிரியா இருக்கு? கல்யாணத்துக்குப் போற மாதிரி இல்ல இருக்கு! ஒருத்தர் மூஞ்சியிலயும் அலுப்பு இல்லியே."

விமர்சன நூல் எதையும் புரட்டாத மனிதர் விஷயத்தைத் தொட்டுவிட்டார். அந்தப் படம் மூன்று விதமாகக் கிடைக்கிறது. ஒன்றில் ஒற்றைக் குதிரை வண்டி, ஒன்றில் இரட்டைக் குதிரை, இன்னொன்றில் குதிரையே இல்லை. திரும்பத் திரும்ப நடக்க வைத்திருக்கிறார்கள். உடுப்பைப் பார்த்தால் ஒரு தடவையாவது ஞாயிற்றுக்கிழமை உடுப்பு. ஆக, வீட்டுக்குப் போவதும் அன்றைக்கு முதலாளி இட்ட வேலைதான்! உள்ளே நடக்கும் வேலையோ படத்தில் கிடையாது. கூட்டத்தில் ஒருத்தி மட்டும் பக்கத்தில் வருபவளின் பாவாடையை வெடுக்கென்று இழுக்கிறாள். அது யாரும் சொல்லிக் கொடுத்ததாக எனக்குத் தோன்றவில்லை.

பால்கே 1913-ல் 'ராஜா ஹரிச்சந்திரா' எடுத்தபோது தாராமதி வேஷத்துக்குப் பெண் கிடைக்காமல், சாப்பாட்டுக் கடையில் வேலை பார்த்த சாலுங்கே என்பவருக்குப் புடவை கட்டிவிட்டார். 1917-ல் 'லங்கா தகன'த்தில் ராமரும் அவரே, சீதையும் அவரே. அவர் பெயர் நிலைத்துவிட்டது. தண்ணீரில் நனைந்து சிரிக்க வைத்த லூமியேர் வீட்டுத் தோட்டக்காரர் பிரான்சுவா கிளெரின் பெயரும் புத்தகங்களில் இருக்கிறது. ராணியாகவோ கோமாளியாகவோ வந்தால் பெயர் உண்டு. தொழிலாளியாகவே வந்தவர்களுக்கு 'தொழிலாளர்கள்' என்ற பன்மைதான் கிடைத்தது.

"எங்க மில்லு வாசல யாருனா இந்த மாதிரி புடிச்சிருக்காங்களா, தம்பி?" என்று கேட்டார் பெரியவர்.

அவர் உழைத்த ஆலை மூடிக் கிடக்கிறது. 1936 ஜூலை 30-ல் புதுச்சேரி ஆலைத் தொழிலாளர் 12 பேர் சுடப்பட்டு இறந்ததைப் படித்திருக்கிறேன், திரையில் பார்த்ததில்லை. அவர் கேட்ட வாசலையும் பார்த்ததில்லை என்றேன்.

கொஞ்ச நேரம் பேசாமலிருந்துவிட்டு, "அந்தப் பொண்ணு பாவாடைய இழுக்குதே, அத இன்னொருவாட்டி போடு" என்றார்.