ஓலைக்கு ஒரு பூச்சு

வழுவழுப்பான கலண்டர் தாளில் வெண்களிமண்ணோ சுண்ணாம்புத் தூளோ மாப்பசையோடு கலந்து பூசப்பட்டிருக்கும். நாருக்கும் நாருக்கும் இடையே உள்ள பள்ளங்களை அது அடைத்துவிடுவதால் மை உள்ளே இறங்காமல் மேலேயே நின்று பளிச்சிடுகிறது.

மாத்தளை அலுவிகாரையில் நடப்பது நேர்மாறு. கி.மு. முதலாம் நூற்றாண்டில் திரிபிடகம் முதன்முதலாக எழுத்தில் ஏறியதாகச் சொல்லப்படும் குகை விகாரை அது. அங்கே ஓலை எழுதிக் காட்டுவார்கள். தாளிப்பனையின் இளங்குருத்தை அவித்து, உலர்த்தி, வழவழப்பான கமுகமரத்தில் இழுத்து இழுத்துத் தேய்த்துப் பதப்படுத்துவார்கள். எழுத்தாணி கீறும்போது எழுத்து கண்ணுக்கே சரியாகத் தெரியாது. பிறகுதான் பூச்சு. கரித்தூளைக் குங்கிலிய எண்ணெயில் குழைத்து ஓலை முழுக்க அப்பி, தவிடோ குரக்கன் மாவோ போட்டுத் துடைத்தால், மேலே உள்ள கறுப்புப் போய்விடும். கீறலுக்குள் இருப்பது தங்கிவிடும். அந்த எண்ணெய் பூச்சிக்கும் ஆகாது. நம்மவர் பனையோலைச் சுவடிக்கு மஞ்சளும் விளக்குக்கரியும் இலைச்சாறும் சேர்த்து மையாடியதும் இதே கணக்குத்தான்.

சுவடியின் மரச்சட்டத்துக்குப் பூச்சு வேறு: அரக்கு. மாத்தளை ஹப்புவிதையில் அரக்கைச் சூடாக்கி நூலாக இழுத்து, கட்டைவிரல் நகத்தால் அழுத்தி அறுத்துப் பூவேலை செய்கிறார்கள். தூரிகையே தேவையில்லை. எனக்கு அச்சுத்தாளின் மினுக்கத்தைவிட இந்த அரக்கின் சிவப்பும் மஞ்சளுந்தான் பிடிக்கும்.