சுழலாத பந்து

வேகமாக வீசும் ஒரு பேஸ்பால் பிட்சரின் பந்து, பேட்டரை எட்டுவதற்குள் பதினைந்து முறையாவது தன்னைத்தானே சுற்றிவிடும். பந்தை வளைப்பதும் திடீரென்று இறக்குவதும் அந்தச் சுழற்சிதான். ஆண்டுக்கணக்கில் பிட்சர்கள் பழகுவது அதைத்தான். டிம் வேக்ஃபீல்ட் என்ற பிட்சரின் பந்து அதே 18.44 மீட்டர் தூரத்தில் ஒரு சுற்று சுற்றினால் அதிகம்.

நக்கிள் பால் எனப்படும் இந்தச் சுழலாத பந்து நமக்குப் புதிதல்ல. 2011 உலகக் கோப்பையில் ஜாகீர் கான் வீசியதையும், பிறகு புவனேஷ்வர் குமார் வீசியதையும் பார்த்திருக்கிறோம். ஆனால் கிரிக்கெட்டில் அது பேட்ஸ்மேனை ஏமாற்ற இடையில் செருகும் ஒரு மெதுவான பந்து. வேக்ஃபீல்டோ ஏறக்குறைய அதை மட்டுமே நம்பி, பேஸ்பாலின் உச்ச மட்டமான மேஜர் லீக்கில் 19 பருவங்கள் ஆடினார். அதில் 17 பருவங்கள் பாஸ்டன் ரெட் சாக்ஸ் அணிக்காக.

இரண்டு விரல்களின் நகங்களைத் தையலுக்கு அருகே தோலில் ஊன்றிப் பந்தைப் பிடிப்பார். மணிக்கட்டு இறுகியே இருக்கும். நிறைகுடத்தைத் தளும்பாமல் இறக்கி வைப்பவரின் நிதானத்தோடு கை முன்னே வரும். பந்து கையை விட்டுப் பிரியும்போது விரல்கள் எல்லாம் ஒருசேர விலக வேண்டும். ஒரு விரல் இமைப்பொழுது பின்தங்கினாலும் பந்து சுழன்றுவிடும். சுழன்றால் அது மணிக்கு நூற்றைந்து கிலோமீட்டர் வேகத்தில் வரும் வெறும் மெதுவான பந்துதான். அந்த மட்டத்தில் ஆடும் பேட்டர் அதைக் கூட்டத்துக்குள் அனுப்பிவிடுவார். வேக்ஃபீல்ட் 418 ஹோம் ரன்கள் கொடுத்திருக்கிறார்.

சுழலாமல் போனாலோ, மேடான தையல் காற்றைத் தொந்தரவு செய்கிறது. ஒரு பக்கம் காற்று கலைந்து ஒட்டிக்கொண்டு வர, மறுபக்கம் முன்னதாகவே விலகிப்போகிறது, பந்து சாய்கிறது. அது கொஞ்சம் திரும்பியதும் தையலின் இடம் மாறிச் சாயும் பக்கமும் மாறுகிறது. எங்கே போய்ச் சேரும் என்று பேட்டருக்கும் தெரியாது, கேட்சருக்கும் தெரியாது, வீசியவருக்கும் தெரியாது. பந்து காற்றில் நடுங்கிக்கொண்டே வருவதாகப் பேட்டர்கள் சொல்வார்கள். இயற்பியலாளர்கள் கேமராக்களால் அளந்து பார்த்தபோது, பாதை மற்றப் பந்துகளின் பாதையைப் போலவே வழுவழுப்பாக இருந்தது. முன்கூட்டிச் சொல்ல முடியாத பாதை, அவ்வளவுதான். அந்த நடுக்கம் பெரும்பாலும் பார்ப்பவர் கண்ணில் இருக்கிறது என்பதை அறிந்த பிறகு எனக்கு இந்தப் பந்தின் மேல் காதல் கூடியதே தவிரக் குறையவில்லை.

1988-இல் பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அவரைத் தேர்ந்தெடுத்தது மட்டைக்காக. ஃபுளோரிடாவில் கல்லூரி அணிக்காக ஹோம் ரன்களாகக் குவித்த முதல் பேஸ் ஆட்டக்காரர் அவர். தொழில்முறை பந்துவீச்சுக்கு முன்னால் அந்த மட்டை எடுபடவில்லை. சிறுவயதில் வீட்டுக் கொல்லையில் அப்பாவோடு ஆடிப் பழகிய நக்கிள் பால்தான் கைகொடுத்தது. 1992-இல் மேஜர் லீக்குக்கு வந்து எட்டு வெற்றி, ஒரே தோல்வி. அடுத்த இரண்டு ஆண்டுகளில் விரல்கள் அதை மறந்தே போயின. 1995 ஏப்ரலில் பைரேட்ஸ் அவரை விடுவித்தது. சில நாட்களில் பாஸ்டன் எடுத்துக்கொண்டது. இதே பந்தால் 318 வெற்றிகள் கண்ட ஃபில் நீக்ரோவும் தம்பி ஜோவும் அவரோடு நின்று கையைச் சரிசெய்தார்கள். அந்தப் பருவத்தின் முதல் 17 ஆட்டங்களில் அவர் வென்றவை 14, தோற்றது ஒன்று.

கேட்சரின் பாட்டைச் சொல்லாமல் இந்தக் கலையைப் பேச முடியாது. வேக்ஃபீல்டுக்கு டக் மிராபெல்லி என்று தனிக் கேட்சரே இருந்தார். மிராபெல்லியை சான் டியேகோவுக்குக் கொடுத்துவிட்டு ஜோஷ் பார்டை நிறுத்திப் பார்த்தார்கள். ஒரே மாதத்தில் பத்துப் பந்துகள் பார்டின் கையுறையைத் தாண்டி ஓடின. 2006 மே 1 அன்று மிராபெல்லியைத் திரும்ப வாங்கி, விமான நிலையத்திலிருந்து போலீஸ் காரில் அழைத்துவந்தார்கள். காருக்குள்ளேயே சீருடை மாற்றிக்கொண்டு, முதல் பந்துக்குச் சற்று முன்னால் வந்து உட்கார்ந்தார். எதிரே நியூயார்க் யாங்கீஸ். பாஸ்டன் 7-3 என வென்றது.

இந்தப் பந்தின் கொடூரமும் பெரிது. 2003 அக்டோபரில் அதே யாங்கீஸுக்கு எதிரான தொடரில் இரண்டு ஆட்டங்களை வென்றுகொடுத்தவர், ஏழாவது ஆட்டத்தின் 11-ஆவது இன்னிங்ஸில் ஆரன் பூனுக்கு வீசிய முதல் பந்திலேயே எல்லாவற்றையும் இழந்தார். மறு ஆண்டு அதே இரு அணிகள். மூன்றாவது ஆட்டம் கைமீறிப் போய்க்கொண்டிருந்தபோது (முடிவில் 19-8) மற்ற பிட்சர்களின் கைகளைக் காப்பாற்ற, மறுநாள் தனக்கு உறுதியாகியிருந்த இடத்தை விட்டுக்கொடுத்து அவரே வீசப்போனார். ஓய்வு குறைந்தாலும் தாங்கக்கூடியது நக்கிள் பால் கை ஒன்றுதான். அவரை மதிக்க எனக்கு இந்த ஒரு மாலை போதும். மூன்று ஆட்டங்கள் பின்தங்கியிருந்த பாஸ்டன், அடுத்த நான்கையும் வென்றது. 1918-க்குப் பிறகு முதல்முறையாக உலகத் தொடரையும் வென்றது.

மொத்தக் கணக்கு 200 வெற்றி, 180 தோல்வி. 2011 ஜூலையில் 199-ஐ எட்டியவர் இருநூறுக்கு ஏழு வாரம் காத்திருந்தார். பாஸ்டனுக்காக மட்டும் 186. சை யங், ரோஜர் கிளெமென்ஸ் இருவரின் 192-ஐத் தொட ஆறு குறைவு. மாமேதைகளின் வரிசையில் அவரை வைக்க மாட்டேன். ஆனால் மாமேதைகள் பலரின் ஆட்டத்தை ஒருமுறைக்கு மேல் பார்க்கத் தோன்றியதில்லை, இவருடையதைப் பார்க்கத் தோன்றுகிறது. தான் கற்றதை அவர் பூட்டி வைக்கவும் இல்லை. 2008-இல் எதிரணியில் இருந்த ஆர்.ஏ. டிக்கியைத் தன் பயிற்சியைப் பக்கத்தில் நின்று பார்க்கவிட்டார். 2012-இல் டிக்கி சிறந்த பிட்சருக்கான சை யங் விருது பெற்றார். அந்தப் பெருமை கண்ட முதல் நக்கிள் பால் பிட்சர் அவர். வேக்ஃபீல்ட் 2023 அக்டோபர் 1-இல் தம் 57-ஆம் வயதில் மறைந்தார்.

இவரை முதன்முதலாகப் பார்க்க விரும்புபவருக்கு நான் காட்டுவது 2004 அக்டோபர் 18 ஆட்டத்தின் 13-ஆவது இன்னிங்ஸ். ஸ்கோர் சமன். அன்று மிராபெல்லி ஆடவில்லை; நக்கிள் பாலுக்குப் பழக்கமில்லாத ஜேசன் வாரிடெக் பிடிக்கிறார். மூன்று முறை பந்து அவரைத் தாண்டி ஓடுகிறது. யாங்கீஸ் ஆட்கள் இரண்டாவது, மூன்றாவது பேஸ்களில் நிற்கிறார்கள். இன்னொரு பந்து தப்பினால் ரன். அப்போதும் வேக்ஃபீல்ட் வேறு பந்துக்கு மாறவில்லை. ரூபன் சியர்ரா மட்டையை வீசித் தவறவிட்டு அவுட்டாகிறார். பார்ப்பவர்கள் மட்டையைக் கவனிக்க வேண்டாம், வாரிடெக்கின் கையுறையைக் கவனியுங்கள். கடைசி நொடிவரை அது இடம் தேடிக்கொண்டே இருக்கும்.