நினைவும் வரலாறும்: மோனா ஹாத்தூமின் வீடியோப் படைப்பொன்றை முன்வைத்துச் சில குறிப்புகள்

அடையாளம், நினைவு ஆகியவற்றைப் பொருளாகக் கொள்ளும் ஆற்றுகைக் கலையையும் வீடியோக் கலையையும் முற்போக்கு விமர்சகர் பலர் ஐயத்துடனேயே நோக்கி வந்துள்ளனர். தனிமனித அகவுலகில் முடங்குவதென்பது அவர்தம் குற்றச்சாட்டு. அழகியல்வாதிகளோ அவ்வகவயத் தன்மையையே அதன் சிறப்பாகப் போற்றுவர். நினைவு என்பது தனிமனிதரின் உடைமை என்னும் எடுகோளில் இவ்விரு சாராரும் ஒன்றுபடுகின்றனர். மோனா ஹாத்தூமின் 'தூரத்தின் அளவைகள்' (1988) இவ்வெடுகோளை மறுதலிக்கின்றது என்பதே எமது கருத்தாகும்.

ஹாத்தூம், 1948இல் ஹைபாவிலிருந்து இடம்பெயர்ந்த பலஸ்தீனப் பெற்றோருக்கு 1952இல் பெய்ரூத்திற் பிறந்தவர். 1975இல் அவர் லண்டன் சென்றிருந்தவேளை லெபனானில் உள்நாட்டுப் போர் மூண்டமையால் அங்கேயே தங்க நேர்ந்தது. 1985இல் அந்நகரின் பிரிக்ஸ்ரன் பகுதி வீதிகளில், பொலிசாரும் இனவாதக் கும்பல்களும் அணியும் வகைச் சப்பாத்துகளைக் கணுக்கால்களிற் கட்டியிழுத்தவாறு வெறுங்காலுடன் நடந்தமை அவரது ஆற்றுகைகளுள் குறிப்பிடத்தக்கது. அங்கு உடல், அரச அதிகாரத்தின் சுமையை வெளிப்படையாக இழுத்துச் செல்கின்றது. 'தூரத்தின் அளவைகள்' அதே வினாவை வீட்டினுள் எழுப்புகின்றது.

ஏறத்தாழ 15 நிமிட நேரம் ஓடும் இப்படைப்பில், தாய் குளிக்கும் நிழற்படங்களின் மீது அவர் பெய்ரூத்திலிருந்து எழுதிய கடிதங்களின் அறபு வரிகள் படர்கின்றன. அவற்றின் ஆங்கில மொழிபெயர்ப்பைக் கலைஞரே வாசிக்கிறார். பின்னணியில் தாயும் மகளும் அறபியில் உரையாடிச் சிரிக்கும் ஒலி கேட்கின்றது. தாயை மகளுடன் இணைக்கும் எழுத்தே தாயின் உருவத்தை எம்மிடமிருந்து மறைக்கும் வேலியாகவும் அமைகின்றது. மகள் எடுத்த படங்களைக் கண்டு தந்தை சினமுற்றதைத் தாய் எழுதும்போது, பெண்ணுடலை ஆணின் உடைமையாகக் கருதும் குடும்ப அமைப்பு புலனாகின்றது. தபாலகம் கார்க்குண்டினால் அழிந்தது என்ற செய்தியுடன் கடிதத் தொடர்பும் அறுந்துவிடும் நிலை எழுகின்றது. தாய்க்கும் மகளுக்கும் இடையிலான தூரத்தை உருவாக்கியவை நிலப்பறிப்பும் போருமேயன்றி மனோபாவங்கள் அல்ல என்பது இங்கு தெளிவாகின்றது.

எனினும் ஒன்றைச் சுட்டிக்காட்டுதல் அவசியம். தந்தை பெய்ரூத்தில் பிரித்தானியத் தூதரகத்திற் பணியாற்றியவர். குடும்பத்தினரிடம் பிரித்தானியக் கடவுச்சீட்டு இருந்தது. லெபனானின் அகதி முகாம்களில் வாழ்ந்த பெரும்பாலான பலஸ்தீனருக்கு அத்தகைய வழி திறந்திருக்கவில்லை. நாடிழந்தோர் அனைவரும் ஒரே அளவு தூரத்தில் நிற்கவில்லை. இவ்வர்க்க வேறுபாடு பற்றிப் படைப்பு மௌனம் சாதிக்கின்றது. முகாமிலுள்ள தாயொருத்தியின் நினைவு எவ்வடிவில், எவர் வாயிலாகக் கலையாகும் என்ற வினா விடையின்றியே நிற்கின்றது.

இக்குறைபாடு படைப்பை நிராகரிப்பதற்கான காரணமன்று. அகவயம் எனக் கூறி இத்தகைய கலையைப் புறந்தள்ளும் விமர்சனம், வரலாறு மனித உடலிலும் உறவுகளிலும் எவ்வாறு செயற்படுகின்றது என்பதை ஆராயும் பொறுப்பைக் கைவிட்டுவிடுகின்றது. அப்பொறுப்பு பொருள்முதல்வாத நோக்குடையோருக்கே முதன்மையாக உரியது என நாம் கருதுகின்றோம்.