எல்மர் கான்ட்ரியும் நாமும்

சின்க்ளேர் லூயிஸ் 1927-இல் வெளியிட்ட 'எல்மர் கான்ட்ரி' என்னும் ஆங்கில நாவலை அண்மையில் மீண்டும் படித்தோம். குடியும் பெண்ணாசையும் கொண்ட ஓர் இளைஞன், தன் வெண்கலக் குரலையே முதலாக வைத்து, அமெரிக்காவில் புகழ்மிக்க போதகனாக உயரும் கதை இது. அவனை மேடைக்கலையில் தேர்ச்சியுறச் செய்பவர் ஷாரன் ஃபால்கனர் என்னும் பெண் நற்செய்தியாளர். லாஸ் ஏஞ்சலஸில் 1923-இல் பேராலயம் ஒன்றைத் திறந்த ஏமி செம்பிள் மக்பெர்சனின் சாயலை அப்பாத்திரத்தில் பலர் கண்டனர். கடலில் மூழ்கிவிட்டார் என 1926 மே மாதம் நம்பப்பட்ட ஏமி, ஜூன் மாதம் மெக்சிகோ எல்லையில் தோன்றி, தாம் கடத்தப்பட்டதாகக் கூறினார். அது புனைகதை எனத் தொடரப்பட்ட வழக்கு 1927 ஜனவரியில் கைவிடப்பட்டது.

குற்றத்தைப் போதகன்மீது மட்டும் சுமத்தாமையே நாவலின் வலிமை. இறுதியில் கான்ட்ரியின் ஒழுக்கக்கேடு நாளிதழில் வெளியாகிறது. குற்றம் சாட்டியவள் பின்வாங்கியதும் சபையார் அவனை ஆரவாரத்தோடு ஏற்கின்றனர். அவர்கள் உண்மையைத் தேடவில்லை; தங்கள் நாயகன் மீண்டும் கிடைத்ததே அவர்களுக்குப் போதுமானதாயிற்று. 1960-இல் ரிச்சர்ட் புரூக்ஸ் இயக்கிய திரைப்படமோ இக்கசப்பைத் தவிர்த்து, கான்ட்ரியை மேடையை விட்டு விலகிச் செல்ல வைத்தது. பர்ட் லங்காஸ்டருக்கு ஆஸ்கர் விருது கிடைத்தது. பார்வையாளருக்கு மனச்சான்றின் உறுத்தல் கிடைக்கவில்லை.

நாவலிலும் குறை உண்டு. ஏளனத்தில் காட்டிய ஊக்கத்தை லூயிஸ் விசுவாசத்தை அறிவதில் காட்டவில்லை. பெங்கிலி என்னும் முதிய போதகர் மெய்யான செப மனிதர். கான்ட்ரியிடம் இறைநம்பிக்கையே இல்லை என்பதைக் கண்டுகொள்பவர். அத்தகையவருக்கு ஆசிரியர் ஒதுக்கிய பக்கங்கள் மிகச் சிலவே.

இது சீர்திருத்தச் சபையினரின் கதைதானே என நாம் ஒதுங்கிவிட இயலாது. இந்நூலை 1927-இல் தடைசெய்த நகரம் பாஸ்டன். குருக்கள் சிலர் சிறாருக்கு இழைத்த கொடுமைகள் நெடுங்காலம் மறைக்கப்பட்டமை 2002-இல் வெளிப்பட்டதும் அதே நகரில்தான். அவ்வாண்டு டிசம்பரில் கர்தினால் பெர்னார்ட் லா பேராயர் பொறுப்பிலிருந்து விலகினார். அங்கே ஆரவார மேடை இல்லை. ஆயினும் கேள்வி கேளாத அதே வணக்கம், அங்கியின்மீது இருந்தது.

அருளடையாளத்தின் பயன் பணியாளரின் தூய்மையைச் சார்ந்ததன்று எனப் புனித அகுஸ்தினார் தொனாத்தியருக்கு எதிராக நிலைநாட்டினார். அப்போதனை இறைமக்களின் ஆறுதலுக்கானது. குருக்களாகிய எங்களுக்கு மறைவிடம் ஆகாது. மறையுரை நன்று எனப் பாராட்டும் அன்பர்கள், பங்கின் கணக்கேட்டையும் கேட்டுப் பார்க்கட்டும். தங்கள் பிள்ளைகள் சொல்வதையும் செவிமடுக்கட்டும். அதுவே எங்களுக்கு நீங்கள் செய்யும் பேருதவி.