வழிகாட்டும் மலையும் வழிகாட்டியின் புண்ணும்: மலைபடுகடாமும் இன்றைய குழு மலைப்பயணமும்

ஆய்வுச் சுருக்கம்

பத்துப்பாட்டின் இறுதி நூலாகிய மலைபடுகடாம், கூத்தர் குழு ஒன்று பல நாள்கள் மலைவழியே நடந்து செங்கண்மாவை அடைவதற்கான வழிமுறையைக் கூறுவது. இந்நூலை இயற்கை வருணனையாகவும் புரவலர் புகழாகவும் காண்பதே ஆய்வுலகில் பெருவழக்கு. இக்கட்டுரை அதனைக் குழுப் பயணத்திற்கான பாதுகாப்பு நெறிகளின் தொகுப்பாக வாசிக்கிறது. பெரும்பாணாற்றுப்படையோடு ஒப்பிட்டு அதன் தனித்தன்மையை நிறுவுகிறது. 2018-ஆம் ஆண்டுக் குரங்கணித் தீ விபத்திற்குப் பின் தமிழ்நாட்டில் உருவான மலையேற்ற ஒழுங்குமுறைகளின் பின்னணியில் அந்நெறிகளை மதிப்பிடுகிறது. வழிகாட்டும் மலைவாழ் மக்களின் துன்பத்தை நூல் எவ்வாறு கையாள்கிறது என்னும் வினாவை எழுப்பி, அதன் வரம்பையும் சுட்டுகிறது.

திறவுச்சொற்கள்: மலைபடுகடாம், ஆற்றுப்படை, மலைப்பயணம், குரங்கணி, கூடியம், கானவர், வழிகாட்டி.

முன்னுரை

சென்னைக்கு வடக்கே கொல்கத்தா நெடுஞ்சாலையை ஒட்டி அமைந்த சோழவரம், மலை இல்லாத சமவெளி. ஆயினும் அவ்வூர் ஏரிக்கு வரும் நீர் மேற்கிலிருந்து வருவது. கொசஸ்தலையாற்றின் நீர் பூண்டி நீர்த்தேக்கத்திலிருந்தும் தாமரைப்பாக்கம் அணைக்கட்டிலிருந்தும் கால்வாய் வழியாக இங்கு வந்து, பின் புழலேரிக்குச் செல்கிறது. பூண்டிக்கு அப்பால் அல்லிக்குழி மலைத்தொடரில் கூடியம் குகைகள் உள்ளன. 1863-இல் இராபர்ட் புரூஸ் பூட் பழைய கற்காலக் கருவிகளைக் கண்டறிந்த அத்திரம்பாக்கம் அவற்றிற்கு அண்மையிலேயே உள்ளது. 1960-களில் இந்தியத் தொல்லியல் துறை கூடியத்தில் அகழாய்வு நடத்தியது. 2024 அக்டோபரில் வனத்துறை சார்பில் தமிழ்நாடு மலையேற்றத் திட்டம் தொடங்கப்பட்டபோது அறிவிக்கப்பட்ட 40 வழித்தடங்களுள் கூடியமும் ஒன்று.

சோழவரம், கும்மிடிப்பூண்டித் தொழிற்பகுதிகளில் முறைப்பணி செய்வோருக்கு மலை என்பது விடுமுறையில் குழுவாகச் சென்று திரும்பும் இடம். முகுருத்தி, ஆனைமலை போன்ற தேசியப் பூங்காக்களைச் சூழ்ந்த மலைகளுக்கும் மேற்குத் தொடர்ச்சி மலையின் பிற பகுதிகளுக்கும் இத்தகைய குழுக்கள் செல்கின்றன. அறியாத மலையில், அறிந்த ஒருவரின் சொல்லை நம்பி, பலர் ஒன்றாக நடத்தல் என்பதே இப்பயணத்தின் அடிப்படை. இதே அடிப்படையில் அமைந்த பழந்தமிழ் நூல் மலைபடுகடாம். அந்நூல் குழுப் பயணத்தை எவ்வாறு சிந்தித்தது, அச்சிந்தனையில் இன்று கொள்ளத்தக்கது எது, ஐயுறத்தக்கது எது என்பன இக்கட்டுரையின் வினாக்கள்.

1. ஆற்றுப்படை மரபும் மலைபடுகடாமும்

பரிசில் பெற்று வருவோர், பெறாது எதிர்ப்படுவோரைப் புரவலனிடம் வழிப்படுத்தல் ஆற்றுப்படையின் இலக்கணம். தொல்காப்பியப் புறத்திணையியல் இதனைக் கூத்தர், பாணர், பொருநர், விறலியர் ஆகியோர்க்கு உரியதாக வகுக்கிறது. பத்துப்பாட்டுள் ஐந்து நூல்கள் இவ்வகையின. அவற்றுள் மலைபடுகடாம் 583 அடிகள் கொண்டது; கூத்தராற்றுப்படை எனவும் வழங்குவது. இரணியமுட்டத்துப் பெருங்குன்றூர்ப் பெருங்கௌசிகனார் பாடியது. பாட்டுடைத் தலைவன் செங்கண்மாத்து வேள் நன்னன் சேய் நன்னன். செங்கண்மா இன்றைய திருவண்ணாமலை மாவட்டத்துச் செங்கம் என்பதும், நூல் குறிக்கும் சேயாறு இன்றைய செய்யாறு என்பதும் அறிஞர் கொள்கை.

இந்நூலின் தனித்தன்மையை அறியப் பெரும்பாணாற்றுப்படையோடு ஒப்பிடல் பொருந்தும். அது சோழவரமும் உள்ளடங்கிய தொண்டை நாட்டை ஆண்ட இளந்திரையனைப் பாடுவது. அவன் காக்கும் நாட்டில் வழிப்பறி செய்வோர் இல்லை, பாம்பும் கொல்லாது, காட்டு விலங்கும் தீங்கு செய்யாது எனப் பாணனுக்கு உறுதி கூறப்படுகிறது. அரசனின் ஆணையே வழியின் பாதுகாப்பு என்பது அந்நூலின் நிலைப்பாடு. மலைபடுகடாம் இவ்வாறு கூறவில்லை. நன்னனின் மலையிலும் பாம்பு உண்டு, பொறி உண்டு, வழுக்கு நிலம் உண்டு. புரவலனின் பெருமை எத்தகையதாயினும் அது பாறையின் வழுக்கலைப் போக்காது. வழிநடப்போரின் விழிப்பும் மலைவாழ் மக்களின் உதவியும் மட்டுமே காக்கும். புகழ்ச்சியே நோக்கமாயின் பெரும்பாணாற்றுப்படையின் வழியே எளிதானது. பெருங்கௌசிகனார் அதனை விலக்கி இடர்களை எண்ணி எண்ணிச் சொல்வது, நூலின் நோக்கம் புகழ்ச்சியோடு முடிவதன்று என்பதைக் காட்டுகிறது.

இடர்களை மிகுத்துக் கூறுவதும் ஒருவகைப் புகழ்ச்சியே, அரிய வழியைக் கடந்து அடையத்தக்கவன் நன்னன் என்பதே அதன் பொருள் என மறுப்போரும் இருக்கலாம். அவ்வாறாயின் இடர்களைக் கூறினாலே போதும். நூலோ ஒவ்வோர் இடருக்கும் உரிய செயலையும் உடன் கூறுகிறது. இச்செயல்முறைத் துல்லியம் புகழ்ச்சிக்குத் தேவைப்படாதது.

2. குழுவைக் காக்கும் நெறிகள்

நூலின் வழிகாட்டி கூறும் நெறிகளை நான்காகத் தொகுக்கலாம்.

முதலாவது, காலம். விளைபுனத்தை அழிக்கும் பன்றிக்காக நுழைவழிதோறும் கற்பொறிகள் வைக்கப்பட்டுள்ளன. ஆதலின் இருளில் செல்லாது, தங்கி, விடிந்தபின் செல்லுமாறு அறிவுறுத்தப்படுகிறது. பொழுது சாய்ந்தால் சொந்த வீட்டில் புகுவது போலக் கற்குகையில் புகுந்து தங்க வேண்டும். இதனைப் படிக்கும் வாசகர்க்குக் கூடியத்தின் பாறைக்குடைவுகள் நினைவில் எழுவது இயல்பு. பயணத்தின் அளவு தொலைவால் அன்றிப் பகலொளியால் வரையறுக்கப்படுகிறது.

இரண்டாவது, கால் வைக்கும் இடம். காட்டாற்றுக்கு இறங்கும் சரிவில் கொடி சுற்றிய மரங்களைப் பற்றிக்கொண்டு, சிறுவர்களையும் உடன்கொண்டு, ஒருவரை ஒருவர் காத்து இறங்க வேண்டும். பாசி படர்ந்த இடத்தில் மூங்கிலையும் கோரையையும் பிடித்துக் கடக்க வேண்டும். மரக்கட்டை போலக் கிடக்கும் மலைப்பாம்பை விலகிச் செல்ல வேண்டும். பரண்மீதிருந்து யானையை விரட்டுவோர் எறியும் கவண்கல்லுக்கு மரத்தின் பின் ஒதுங்க வேண்டும். இங்கே குழு என்பது தலைவனும் பின்தொடர்வோரும் என்னும் அமைப்பன்று. விறலியரும் சிறுவரும் இசைக்கருவி சுமப்போரும் அடங்கிய அக்குழுவில் வலியோரின் வேகம் அளவுகோலாக வைக்கப்படவில்லை.

மூன்றாவது, அடையாளம். வழி பிரியும் இடங்களில் நிலத்தைத் துடைத்துப் புல்லை முடிந்து வைக்குமாறு கூறப்படுகிறது. தமக்குப் பின் வரும் அறியாதார்க்கும் அது வழி உணர்த்தும். வழியில் எதிர்ப்படும் நடுகற்களின் முன் இசைத்து வணங்கிச் செல்லுமாறும் சொல்லப்படுகிறது. செங்கம் வட்டாரத்தில் பிற்கால நடுகற்கள் மிகுதியாகக் கிடைத்திருப்பதும், அவற்றைத் தமிழ்நாடு தொல்லியல் துறை 1972-இல் நூலாக வெளியிட்டதும் இங்கு எண்ணத்தக்கன. வீழ்ந்தோரின் நினைவு வழியின் ஒரு பகுதியாகவே கருதப்பட்டது.

நான்காவது, வழி தவறியபோது செய்ய வேண்டுவது. இதுவே நூலின் உயிர்ப்பகுதி எனலாம். குறவரே திகைக்கும் குன்றில் அகப்பட்டால், அகன்ற பாறையில் அனைவரும் ஒன்றுகூடி, மேற்கொண்டு நடப்பதை நிறுத்தி, இசைக்கருவிகளை ஒலிக்க வேண்டும். அவ்வொலி கேட்டு, வெள்ளத்தில் தவறி விழுந்தோரின் கூக்குரலுக்கு ஓடிவருவோர் போலக் கானவர் விரைந்து வருவர். பழமும் பூவும் காட்டுவர். இடர் நிறைந்த வழியில் முன்னே நடப்பர். நில், கூடு, ஒலி எழுப்பு என்னும் இம்மூன்றையும் இன்றைய மலையேற்றப் பயிற்சியும் வழி தவறியோர்க்கு முதலில் கற்பிக்கிறது. கலைக்குரிய கருவி உயிர்காக்கும் கருவியாக மாறும் இவ்விடத்தில், கூத்தரின் தொழிலும் பயணத்தின் தேவையும் ஒன்றாகின்றன.

3. குரங்கணியின் வெளிச்சத்தில்

2018 மார்ச் 11 அன்று தேனி மாவட்டம் போடிநாயக்கனூருக்கு அருகிலுள்ள குரங்கணி மலையில் பரவிய காட்டுத்தீயில், சென்னையிலிருந்தும் ஈரோடு, திருப்பூர்ப் பகுதிகளிலிருந்தும் சென்ற மலையேற்றக் குழுக்கள் சிக்கின. 23 பேர் உயிரிழந்தனர். கொழுக்குமலையிலிருந்து இறங்கும் வழியில், காய்ந்த புல் நிறைந்த சரிவில் இது நிகழ்ந்தது. உள்ளூர் மக்கள் மலையேறிச் சென்று காயமுற்றோரைச் சுமந்து இறக்கினர். விமானப்படை உலங்கூர்திகளும் மீட்புப் பணியில் ஈடுபட்டன. இதனைத் தொடர்ந்து அரசு மலையேற்றத்தை ஒழுங்குபடுத்தும் விதிகளை வகுத்தது. முன் அனுமதி, வழிகாட்டியின் துணை, காட்டுத்தீப் பருவத்தில் தடை ஆகியன நடைமுறையாயின. அதற்கு முன்பே 1972-ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் 27, 28 பிரிவுகள் காப்புப் பகுதிகளில் நுழைவதற்கு அனுமதியைக் கட்டாயமாக்கியிருந்தன.

இவ்விதிகளும் மலைபடுகடாமும் சந்திக்கும் இடங்கள் பல. அனுமதிச் சீட்டிற்கு இணையாக நூலில் நிற்பது நன்னனின் பெயர். அவன் கூத்தர் எனச் சொன்ன அளவில் குறவர் குடிலும் காவற்காடும் திறக்கின்றன. பருவத்தடைக்கு இணையாக நிற்பது இருளில் நடவாமை. ஆயின் வேறுபாடு ஒன்று உண்டு. விதி, நுழையலாமா என்பதைத் தீர்மானிக்கிறது. நுழைந்தபின் ஒருவர் மற்றவருக்கு என்ன கடன்பட்டவர் என்பதை நூல் சொல்கிறது. தீ சூழ்ந்த வேளையில் எவரிடமும் அனுமதிச் சீட்டு பயன்படாது. எந்தச் சரிவில் புல் காய்ந்துள்ளது, காற்று எப்பக்கம் திரும்பும், எந்தப் பாறை வெறுமையானது என்பதை அறிந்த ஒருவர் உடனிருத்தலே பயன்படும். அவ்வறிவு மலையில் வாழ்வோரிடமே உள்ளது. 2024-ஆம் ஆண்டுத் திட்டம் பழங்குடியினரையும் உள்ளூர் இளைஞர்களையும் பயிற்சியளித்து வழிகாட்டிகளாக அமர்த்தியிருப்பது, இவ்வகையில் கானவரை மீண்டும் குழுவின் முன்னே நடக்கச் செய்ததாகும்.

4. நூலின் வரம்பு: ஒலியாக மாறிய புண்

இவ்வாறு கூறுவதால் மலைபடுகடாத்தை முழுமையான முன்மாதிரியாகக் கொள்ளல் ஆகாது. நூலுக்குப் பெயர் தந்த பகுதியே இதற்குச் சான்று. மலையை யானையாகவும் அதில் எழும் ஓசைகளை மதமாகவும் உருவகித்து, மலையின் பல்வேறு ஒலிகளை அப்பகுதி அடுக்குகிறது. அருவியின் ஓசை, யானை பிடிப்போரின் ஆரவாரம், தினைக் காவலரின் கூச்சல் ஆகியவற்றின் நடுவே முள்ளம்பன்றியால் புண்பட்ட கானவரின் அழுகையும் வருகிறது. புலி பாய்ந்து கணவன் மார்பில் ஏற்பட்ட புண்ணை ஆற்றக் கொடிச்சியர் பாடும் பாட்டும் வருகிறது. இவை இரண்டும் அருவியோசைக்கு நிகரான வரிசையில் நிற்கின்றன. வழிச்செல்வோர் அவற்றைக் கேட்டு மகிழ்ந்து கடந்து செல்வர்.

உரையாசிரியர் வழிவந்த வாசிப்பு இதனை ஒலிநயச் சிறப்பாகப் பாராட்டும். அச்சிறப்பு உண்மையே. ஆயினும் விருந்தினரின் கால் வழுக்காதிருக்க இத்துணை நெறி கூறிய நூல், விருந்தளிப்போரின் புண்ணைக் கேட்பதற்கு இனிய ஓசையாக மட்டும் வைத்தது என்பதும் உண்மை. கூத்தர் வழி தவறினால் கானவர் ஓடிவருவர். கானவர் அழுதால் கூத்தர் என்ன செய்ய வேண்டும் என்பதற்கு நெறி எதுவும் இல்லை. கடன் ஒருபுறமாகவே செல்கிறது. மலையின் தேன், கிழங்கு, ஊன் யாவும் நன்னனின் வளமாகப் பேசப்படுவதால், கொடுப்போரின் உழைப்பும் அவன் கொடையாகவே எண்ணப்படுகிறது.

இதனைப் பண்டைக் காலத்தின் இயல்பு என ஒதுக்கிவிட இயலாது. இன்றைய மலைச்சுற்றுலாவின் விளம்பர மொழியிலும் பழங்குடி வழிகாட்டி பெரும்பாலும் மலையின் ஓர் அழகாகவே இடம்பெறுகிறார். அவருடைய கூலி, காப்பீடு, பருவத்தடைக் காலத்தில் அவர் வருவாய் ஆகியன சுற்றுலாப் பேச்சில் இடம்பெறுவது அரிது. 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் அம்மக்களைக் காட்டின் உரிமையுடையோராக ஏற்றது. அவ்வுரிமைக்கும் வழிகாட்டிப் பணிக்கும் உள்ள உறவை ஆராயாமல் மலையேற்றத் திட்டங்களை மதிப்பிடுதல் நிறைவுடையதாகாது.

முடிவுரை

மலைபடுகடாம் அரசாணையை நம்பாது, அறிவையும் ஒன்றுகூடலையும் நம்பிய பயண நூல். காலம் அறிதல், ஒருவரை ஒருவர் காத்தல், பின்வருவோர்க்கு அடையாளம் விடுதல், திகைத்தால் நின்று ஒலியெழுப்புதல் என்னும் அதன் நெறிகள் இன்றும் மலைக்குச் செல்லும் எக்குழுவுக்கும் பொருந்துவன. கூடியம் போன்ற வழித்தடங்களில் பயன்படும் தமிழ்க் கையேடுகளுக்கு அவை மொழியளவிலும் பொருளளவிலும் ஊற்றாக அமையத்தக்கன. அந்நூலின் குறையும் அதே அளவு பயனுடையது. வழிகாட்டியின் புண்ணை மலையின் ஓசையாகக் கேட்கும் பழக்கம் எத்துணைத் தொன்மையானது என்பதை அது காட்டுகிறது. சோழவரம் ஏரியின் நீர் எங்கிருந்து வருகிறது என்று கேட்கும் சமவெளியினர், மலையில் தம் முன்னே நடப்பவர் எவ்வாறு வாழ்கிறார் என்றும் கேட்கும்போது ஆற்றுப்படை இருவழிப்படும். ஆற்றுப்படை இலக்கியங்களை இவ்விரண்டாம் வழியிலிருந்து மீள வாசிப்பது இனிவரும் ஆய்வுகள் மேற்கொள்ளத்தக்க பணியாகும்.