தேவதாஸும் நமது கண்ணீரும்

வங்க நாவலாசிரியர் சரத் சந்திர சட்டோபாத்தியாயர் எழுதி, 1917-ஆம் ஆண்டு நூலுருப் பெற்ற 'தேவதாஸ்' என்னும் நவீனம் தமிழர்க்குப் புதியதன்று. மொழிபெயர்ப்பிற் படித்தோர் சிலர். 1953-ஆம் ஆண்டு நாகேசுவர ராவும் சாவித்திரியும் நடித்து வெளிவந்த படக்காட்சியிற் கண்டோர் பலர். நூலைப் படியாதவரும் படத்தைப் பாராதவருங்கூட, காதலில் தோற்றுத் தாடி வளர்த்துக் குடித்துத் திரியும் இளைஞனைத் 'தேவதாஸ்' என்றே அழைக்கின்றனர். தன்னைத்தானே அழித்துக்கொள்ளும் மனிதனுக்குப் பட்டப்பெயராகிவிட்ட இக்கதையை நாம் சரிவரப் படித்தோமா என்பதை ஈண்டு ஆராய்வோம்.

அண்டை வீட்டுப் பார்வதியைத் தேவதாஸ் விரும்புகிறான். குலப்பெருமை பேசிய பெற்றோர் மறுக்கின்றனர். எதிர்த்து நிற்கத் துணிவின்றிக் கல்கத்தாவுக்குச் சென்றவன், உறவை மறுத்துக் கடிதம் எழுதிவிடுகிறான். பின்னர் மனம் வருந்தித் திரும்புவதற்குள் காலங் கடந்துவிடுகிறது. மனைவியை இழந்த, வயது முதிர்ந்த ஜமீன்தார் ஒருவருக்குப் பார்வதி வாழ்க்கைப்படுகிறாள். தேவதாஸ் மதுவிடம் புகலடைகிறான்.

காதலே அவனைக் கொன்றதென்பர் நம்மவர். நாம் அவ்வாறு கருதவில்லை. குலமும் செல்வமும் பார்த்து இரு உயிர்களைப் பிரித்த சமூகத்தின் குற்றம் முதலாவது. வேண்டிய வேளையில் வாய்திறவாத தன் கோழைத்தனத்தை அவனால் மன்னிக்க முடியாமற்போனது இரண்டாவது. அவன் இன்பத்தை நாடிக் குடிக்கவில்லை. தனக்குத் தானே விதித்துக்கொண்ட தண்டனையாகவே குடிக்கிறான். இதனைக் காட்டிய இடத்திலேதான் ஆசிரியரின் ஆற்றல் விளங்குகிறது.

இன்றைய மனநூலாரும் இதனையே வேறு சொற்களிற் கூறுகின்றனர். தாங்கொணாத துயரோ, வெட்கமோ, தன்மீதே கொண்ட வெறுப்போ உள்ளத்தை நெருக்கும்போது, சிலர் குடியில் வீழ்கின்றனர்; சிலர் உணவை மறுக்கின்றனர்; சிலர் தம் உடலைத் தாமே காயப்படுத்திக்கொள்கின்றனர். அவர்களுட் பலர் சாவை விரும்புவோரல்லர். சொல்லவியலாத வேதனையைச் சிறிதுநேரம் அடக்க வேறு வழியறியாதோர். இதனை நடிப்பென்றும், பிறர் பார்க்கவேண்டிச் செய்வதென்றும் இகழ்வது அறியாமை. அவர்களுக்கு உயிராபத்து மிகுதியாதலால், அலட்சியம் செய்வதும் தகாது.

இனி, நூலிலே நாம் மறந்துவிட்ட பகுதிக்கு வருவோம். தேவதாஸ் துணையற்றவனா? குடியை விட்டுவிடுமாறு பார்வதி வேண்டுகிறாள். கல்கத்தாத் தெருவிற் கிடந்தவனைச் சந்திரமுகி கண்டெடுத்து, வீட்டிற் கிடத்தி, வைத்தியம் செய்வித்துக் காக்கிறாள். உலகம் இழித்துப் பேசிய தாசித் தொழிலை விட்டொழித்த அப்பெண்மணி அவனை இகழ்ந்து பேசவில்லை, அருகிருந்தாள். முதிய வேலைக்காரன் தருமதாஸ் இறுதிப் பயணத்திலும் உடன் செல்கிறான். நமது ஊரில் 'தேவதாஸ்' பலருண்டு. சந்திரமுகி என்றோ தருமதாஸ் என்றோ எவரையேனும் நாம் புகழ்ந்ததுண்டா? அழிந்தவனுக்கு மாலை சூட்டிவிட்டு, காப்பாற்ற முனைந்தவரை மறந்தோம். இஃது இரசனையில் நேர்ந்த பெரும்பிழை.

ஆசிரியரோ கதையின் முடிவில் வாசகரை நோக்கி, இவனைப்போல் எவரும் சாகாதிருக்க வேண்டுமென்றும், இறுதி வேளையில் அன்புள்ள ஒரு கை நெற்றியைத் தீண்ட வேண்டுமென்றும் இரங்கிக் கேட்கிறார். இதனைப் படித்த பின்னும் அவனது சாவைக் காதலின் வெற்றியாகக் கொண்டாடுதல் நியாயமாகுமா?

எனினும் ஆசிரியரிடத்தும் நமக்கொரு மனத்தாங்கலுண்டு. நீட்டிய கைகள் யாவும் பயனற்றுப்போவதை விதியென்றே தோன்றச் செய்துவிட்டார். வாழ்க்கை அவ்வாறன்று. தற்கொலைக்கு முயன்று உயிர்தப்பியோரிற் பெரும்பாலோர் பின்னர் அவ்வழியில் மாள்வதில்லை என்பது ஆராய்ந்தறிந்த உண்மை. அக்கொடிய வேளை கடந்துபோகும். கடக்கும்வரை துணை வேண்டும்.

குடியின் அழிவை இந்நாட்டுத் தோட்டத் தமிழருக்கு எவரும் கற்பிக்க வேண்டியதில்லை. 1941-ஆம் ஆண்டு கிள்ளான் வட்டாரத் தொழிலாளர் வேலைநிறுத்தஞ் செய்தபோது, கள்ளுக்கடைகளை மூடவேண்டுமென்பதையும் தம் கோரிக்கைகளுள் ஒன்றாக வைத்தனர். அவர்கள் அழிவிற் காவியம் காணவில்லை. தம் பிள்ளைகளின் பசியைக் கண்டனர்.

ஆகவே, அண்டை அயலில் ஒருவர் தம்மைத் தாமே வருத்திக்கொள்வதைக் கண்டால் நாம் செய்யத்தக்கது யாது? ஏசாமலும் ஊரறியத் தூற்றாமலும் தனியே அமர்ந்து கேட்பது. சாக வேண்டுமென்ற எண்ணம் வருகிறதா என்று நேராக வினவுவது. அவ்வாறு வினவுவதால் அவ்வெண்ணம் புதிதாய் முளைத்துவிடாது. பூச்சிமருந்து முதலியவற்றைப் பூட்டிவைத்து, மருத்துவரிடம் உடன் அழைத்துச் செல்வது அடுத்த கடமை. உயிருக்கு உடனடி ஆபத்தெனில் தாமதமின்றி மருத்துவமனைக்குக் கொண்டுசெல்ல வேண்டும்.

போலீசுக்கு அஞ்சி மறைத்த காலமும் போயிற்று. தற்கொலை முயற்சியைக் குற்றமாக்கிய சட்டப்பிரிவைச் சிங்கப்பூர் 2020-ஆம் ஆண்டிலும், மலேசியா 2023-ஆம் ஆண்டிலும் நீக்கிவிட்டன. கோலாலம்பூரில் 1970 முதல் தொண்டாற்றிவரும் பிரெண்டர்ஸ் சங்கத்தை 03-7627 2929 என்ற எண்ணிலும், சிங்கப்பூரில் சமாரித்தன்ஸ் சங்கத்தை 1767 என்ற எண்ணிலும் அழைத்து மனந்திறந்து பேசலாம்.

தேவதாஸுக்காக நாம் சிந்திய கண்ணீர் போதும். நம் லயத்திலும் நம் தெருவிலும் உயிரோடிருக்கும் ஒருவனுக்குச் சந்திரமுகியாகவோ தருமதாஸாகவோ நின்றால், அதுவே அந்நூலைச் சரியாகப் படித்தமைக்குச் சான்றாகும்.