கானல்வரியில் ஊடலும் பிரிவும்

பிணங்கிய இருவர் சிறிது காலம் பிரிந்திருப்பின் பிணக்குத் தீரும் என்பது உலக வழக்கு. எத்தகைய பிரிவு அதனைத் தீர்க்கும் என்பதே ஆராயத்தக்கது.

மன்னாருக்குத் தெற்கேயுள்ள மறிச்சுக்கட்டியில், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் முத்துக்குளிப்பின்போது தற்காலிக நகரொன்று எழுந்தது. 1906ஆம் ஆண்டு அங்குப் பணியாற்றிய லெனாட் வூல்ப் அதனைத் தம் எழுத்திற் பதிவு செய்துள்ளார். தமிழகக் கரையினின்றும் அரபு நாடுகளினின்றும் வந்த சுழியோடிகள், பருவம் முடிந்ததும் திரும்பினர். அவர்தம் இல்லங்களுக்கு அப்பிரிவு கொடிதாயினும், அதற்குக் காரணமும் எல்லையும் இருந்தன. இவ்விரண்டும் அற்ற பிரிவினை, மற்றொரு நெய்தற்கரையாகிய புகாரில் வைத்துக் காட்டுகிறது சிலப்பதிகாரக் கானல்வரி.

இந்திரவிழாவின் இறுதியில் கோவலனும் மாதவியும் கடற்கரையில் இருக்கின்றனர். அவன் யாழிசைத்துப் பாடுகிறான்; அவன் வேறொருத்திமேல் மனம் வைத்தனன் என அவள் ஐயுறுகிறாள். தானும் வேறு குறிப்புடையாள் போலப் பாடுகிறாள். அவன் அதனை மெய்யெனக் கொண்டு அகல்கிறான். மருதத்துக்குரிய ஊடலை, இரங்கலுக்குரிய நெய்தல் மணலில் இளங்கோ நிகழ்த்துவது தற்செயலன்று. ஊடல் கூடலில் முடியாது என்பதை நிலமே முன்னுணர்த்துகின்றது.

காப்பியம் இப்பிரிவுக்கு ஊழைக் காரணமாக்குகிறது. அவ்விடையோடு நாம் அமைதல் இயலாது. பிரியும் உரிமை யாருக்கு இருந்தது என்று கேட்டல் வேண்டும். கோவலனுக்கு இரு வாயில்கள் இருந்தன: கண்ணகியைப் பிரிந்து மாதவியிடம் செல்லலாம், மாதவியைப் பிரிந்து கண்ணகியிடம் மீளலாம். கணிகையர் குலத்தில் பிறந்த மாதவிக்கோ எழுதும் தாழை மடல் ஒன்றே இருந்தது. வசந்தமாலை கொணர்ந்த அம்முடங்கலையும் அவன் ஏற்க மறுக்கிறான். மதுரைக்குச் செல்லும் வழியில், கோசிகன் தந்த இரண்டாம் ஓலையைக் கண்ட பின்னரே, அவள் குற்றமற்றவள் என்றும் பிழை தனதே என்றும் உணர்கிறான். ஆயினும் அவன் திரும்பவில்லை. தன் பெற்றோர்க்கு அவ்வோலையை அனுப்புவதோடு அமைகிறான்.

ஊடலுக்கு உப்பின் அளவை உவமையாக்கியது வள்ளுவம். அளவு பிரிவுக்கும் உரியது. காலவெல்லையும், தூது செல்லும் வழியும், இருவர்க்கும் ஒத்த உரிமையும் உள்ள பிரிவே பிணக்கைத் தணிக்கும். இம்மூன்றும் இல்லாதவிடத்துப் பிரிவு என்பது ஒருவர் மற்றவர்க்கு விதிக்கும் தண்டனையே. மாதவியின் துயரை ஊழின் செயலென்று மட்டும் விளக்கும் திறனாய்வு, அத்தண்டனையை விதித்தவனைக் காணாது விடுகின்றது.